நான்காம் பக்கத்துப் புழு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

சென்ற வாரம் உங்கள் நாளிதழின் நான்காம் பக்கத்தில் 'குடிநீரில் நெளியும் புழுக்கள்: பொதுமக்கள் அதிர்ச்சி' என்று ஒரு செய்தி வந்திருந்தது. அதில் வரும் தெரு எங்கள் தெரு. அதிர்ச்சி அடைந்த பொதுமக்களில் நானும் ஒருத்தி. செய்தியோடு ஒரு படமும் போட்டிருந்தீர்கள். படத்தில் இருப்பது மண்புழு, அதுவும் யாரோ உள்ளங்கையில் வைத்துக் காட்டுகிற நல்ல கொழுத்த மண்புழு. எங்கள் குழாயில் வந்தவற்றில் பத்தைச் சேர்த்தாலும் அந்தப் பருமன் வராது. செய்திக்குக் கீழே கட்டம் கட்டி, 'நரம்புச் சிலந்தி மீண்டும் வந்துவிட்டதா?' என்று இன்னொரு துணுக்கு. (பேர்தான் சிலந்தி, அது எட்டுக்கால் பூச்சி இல்லை. ஒரு காலத்தில் மனிதர் காலைப் பிளந்துகொண்டு வெளியே வந்த நீளமான புழு.) அந்தக் கேள்விக்குறிக்குப் பதில் சொல்லத்தான் பேனாவை எடுத்தேன். எழுத எழுத நீண்டுவிட்டது. உங்களுக்கு இடம் இருக்கிற அளவுக்கு நறுக்கிக்கொள்ளுங்கள். நரம்புச் சிலந்தி பற்றிய பகுதியை மட்டும் வெட்டாதீர்கள்.

இன்னொன்று. செய்தியில் 'இவை ஆபத்தான புழுக்கள் என்று ஓய்வுபெற்ற விலங்கியல் பேராசிரியை ஒருவர் தெரிவித்தார்' என்று ஒரு வரி இருக்கிறது. அது நான்தான். நான் பேராசிரியை இல்லை. ஆபத்தானவை என்று சொல்லவும் இல்லை. ஒரு கல்லூரியின் விலங்கியல் துறையில் 31 ஆண்டுகள் ஆய்வக உதவியாளராக வேலை பார்த்தவள். மைக்ராஸ்கோப் துடைப்பது, ஸ்லைடு கழுவுவது, ஜாடிகளில் ஃபார்மலின் குறைந்தால் ஊற்றி வைப்பது, செய்முறைத் தேர்வுக்கு முந்தின நாள் கண்மாயில் இறங்கி வேண்டியதைப் பிடித்து வருவது, இதெல்லாம் என் வேலை. தெருவில் என்னை டீச்சர் என்று கூப்பிடுவார்கள். பத்து வருடம் திருத்திப் பார்த்துவிட்டு விட்டுவிட்டேன். உங்கள் நிருபர் தம்பி அதைக் கேட்டுவிட்டு எனக்கு இன்னும் இரண்டு படி பதவி உயர்வு கொடுத்துவிட்டார்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

அன்று இரவு எட்டு மணி இருக்கும். எதிர் வீட்டுப் பெண் ஒரு தண்ணீர் பாட்டிலோடு ஓடி வந்தாள். "டீச்சர், பிள்ளைக்குக் குடிக்க ஊத்தினேன், இதைப் பாருங்க" என்றாள். பாட்டிலின் அடியில் நாலைந்து சிவப்பு நூல்கள். ஒரு வெள்ளைப் பீங்கான் தட்டில் ஊற்றி, கைபேசி டார்ச்சைப் பக்கவாட்டில் வைத்து, கைலென்ஸால் பார்த்தேன். (ஓய்வு பெற்ற அன்று துறையில் ஒரு சுவர்க்கடிகாரமும் ஒரு கைலென்ஸும் கொடுத்தார்கள். கடிகாரம் நின்றுபோய்விட்டது.) வீட்டில் லென்ஸ் இல்லாதவர்கள் கைபேசியிலேயே படம் எடுத்துப் பெரிதாக்கிப் பார்க்கலாம், இப்போதைய கைபேசிக்கு அது போதும். வெள்ளைத் தட்டுதான் முக்கியம். எவர்சில்வர் டம்ளரில் பார்த்தால் எல்லாம் ஒரே நெளிசல்தான்.

முதலில் தேட வேண்டியது தலை. அந்தச் சிவப்பு நூல்களின் ஒரு முனையில், கடுகில் பாதிகூட இல்லாத பழுப்பு நிறக் கெட்டித் தலை இருந்தது, ஹெல்மெட் போட்ட மாதிரி. தலைக்குச் சற்றுக் கீழே குட்டையாக ஒரு ஜோடி பொய்க்கால். வால் நுனியில் இன்னொரு ஜோடி. தட்டைத் தட்டினால் உடம்பை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் வளைத்து எட்டுப் போட்டது. இவ்வளவு போதும். அது புழுவே இல்லை, பூச்சியின் குழந்தை. பெரியதானால் கொசுவைப் போலவே இருக்கும், ஆனால் கடிக்காது. கடிப்பதற்கு வேண்டிய வாயே அதற்குக் கிடையாது. மழை விட்ட மாலைகளில் டியூப் லைட்டைச் சுற்றிக் கும்பலாக மொய்த்துவிட்டுக் காலையில் செத்துக் கிடக்குமே, அந்தக் கும்பலில் இதுவும் உண்டு. கைரோனோமஸ் என்பது அதன் பெயர். மீன் தொட்டி வைத்திருப்பவர்கள் பிளட் வார்ம் என்பார்கள். நம் பத்திரிகைகள் அதை ரத்தப்புழு என்று மொழிபெயர்த்துப் பலரைத் தூங்கவிடாமல் செய்திருக்கின்றன. அது யார் ரத்தத்தையும் குடிப்பதில்லை. அடியில் படிந்த வண்டலைத் தின்னுகிறது. நம் ரத்தத்தைச் சிவப்பாக்கும் ஹீமோகுளோபின் வகை நிறமி அதன் உடம்பிலும் இருக்கிறது. காற்று குறைந்த சேற்றில் மூச்சு முட்டாமல் இருக்க அதற்கு அது வேண்டியிருக்கிறது, அவ்வளவுதான்.

இது குடிநீருக்குள் எப்படி வந்தது? தாய்ப்பூச்சி நீரின் ஓரத்தில் கொழகொழவென்று ஒரு முட்டைச் சரம் வைக்கும். அதில் நூற்றுக்கணக்கில் முட்டைகள். மூடி சரியில்லாத சம்ப், வலை கிழிந்த மாடித் தொட்டி, இவை போதும் அதற்கு. நம் ஊர் வெயிலுக்கு இரண்டு மூன்று வாரத்தில் முட்டை பூச்சியாகிவிடும். குளோரின் போட்டால் சாகாதா என்று எல்லோரும் கேட்டார்கள். குடிநீரில் லிட்டருக்குக் குறைந்தது 0.2 மில்லிகிராம் குளோரின் எஞ்சியிருக்க வேண்டும் என்பது விதி. கிருமிகளுக்கு அது எமன். இந்தப் பிள்ளை அதில் சாதாரணமாக நீந்திக்கொண்டிருக்கும். தொட்டியை இறைத்து, அடிவண்டலைத் தேய்த்துக் கழுவி, மூடியைச் சரிசெய்வதுதான் வழி.

இதைத்தான் அன்று இரவு தெருவில் சொன்னேன். கொஞ்சம் பெருமையோடுதான் சொன்னேன். "இது சாக்கடைப் புழு இல்லை, பயப்படாதீங்க, அவங்கவங்க தொட்டியைக் கழுவுங்க" என்று தீர்ப்பு வழங்கிவிட்டு வந்து படுத்துவிட்டேன். மறுநாள் காலை மறியல் நடந்தது, உங்கள் நிருபர் வந்தார், படம் எடுத்தார். அவர் எடுத்த படம் ஏன் வரவில்லை, அந்த மண்புழு எங்கிருந்து வந்தது என்பது எனக்கு இன்றுவரை தெரியாது.

அதற்கும் அடுத்த நாள்தான் எனக்கு உறைத்தது. தெருக்கோடி வீட்டுப் பெரியவர் ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலில் தண்ணீர் கொண்டுவந்தார். "நீ சொன்ன மாதிரி தொட்டியைக் கழுவலாம்னா என் வீட்ல தொட்டியே இல்லையேம்மா" என்றார். அவர் வீட்டில் சம்பும் கிடையாது, மாடித் தொட்டியும் கிடையாது. தரையோடு தரையாக ஒரு குழாய், தண்ணீர் விடுகிற நேரத்தில் குடத்தில் பிடித்துக்கொள்வார். பிறகு எப்படி?

தட்டில் ஊற்றிப் பார்த்தேன். இவையும் சிவப்புதான், நீளமும் ஏறக்குறைய அதே அளவுதான். ஆனால் தலை இல்லை. எந்த முனை முன், எந்த முனை பின் என்றே தெரியவில்லை. கால் இல்லை. எட்டுப் போடவில்லை, நீண்டு சுருங்கி, நீண்டு சுருங்கி, மண்புழு போகிற நடை. இரண்டு மூன்று ஒன்றோடொன்று பின்னி உருண்டையாகிக் கொண்டன. லென்ஸை நெருக்கிப் பிடித்தால் ஒவ்வொரு வளையத்தின் ஓரத்திலும் கண்ணாடி ஊசி போல மயிர்கள். இதுதான் நிஜப் புழு, மண்புழுவின் பங்காளி. வண்டலுக்குள் தலையைப் புதைத்துக்கொண்டு வாலை மேலே நீட்டி ஆட்டிக்கொண்டிருக்கும். வால் வழியாகத்தான் மூச்சு. தண்ணீரில் காற்று குறையக் குறைய வாலை இன்னும் நீட்டி இன்னும் வேகமாக ஆட்டும். சாக்கடை கலந்த ஓடைகளின் அடிச்சகதி சில இடங்களில் சிவப்புக் கம்பளம் விரித்த மாதிரி அசைவதைப் பார்த்திருப்பீர்கள். அது இவற்றின் கூட்டம்தான். மீன் தீனிக்காக அதை அள்ளி விற்பவர்களும் உண்டு.

இதற்குப் பறக்கத் தெரியாது. பூச்சி வந்து முட்டை வைத்துவிட்டுப் போனது என்று சொல்ல முடியாது. குழாயில் இது வந்தால் வழியில் எங்கோ சேறு உள்ளே போகிறது என்று அர்த்தம். முதல் நாள் நான் ஒரு பாட்டிலை மட்டும் பார்த்துவிட்டு எல்லாப் பாட்டிலுக்கும் சேர்த்துத் தீர்ப்புச் சொல்லிவிட்டேன். மாணவர்கள் ஒரு ஸ்லைடைப் பார்த்துவிட்டு அடுத்த மேசை ஸ்லைடையும் அதே என்று எழுதினால் எங்கள் பேராசிரியர் ரெக்கார்டு நோட்டைத் தூக்கி எறிவார். எனக்கு எறிய ஆள் இல்லை.

குழாய் ஃபிட்டரைக் கூட்டிக்கொண்டு போய்ப் பார்த்தோம். பெரியவர் வீட்டுக்கு நான்கு அடி முன்னால் வால்வுக் குழி. பக்கத்திலேயே வாய்க்கால், அதன் கரை உடைந்து குழிக்குள் கசிந்து, குழி முழங்கால் அளவு கறுப்புத் தண்ணீரில் நிற்கிறது. எங்களுக்கு இரண்டு நாளைக்கு ஒரு முறைதான் தண்ணீர் விடுகிறார்கள். தண்ணீர் ஓடும்போது குழாய்க்குள் அழுத்தம் இருக்கிறது, இடுக்கு இருந்தால் வெளியேதான் பீய்ச்சும். நிறுத்தியதும் அழுத்தம் போய்விடுகிறது. அப்போது சுற்றி நிற்கிற தண்ணீரைக் குழாய் உள்ளே இழுத்துக்கொள்ளும். ஃபிட்டர் தம்பி தன் பையில் இருந்த சோதனைப் பாட்டிலில் பெரியவர் வீட்டுத் தண்ணீரைப் பிடித்து மூடி வைத்தார். உள்ளே ஒரு மருந்துத் தாள் இருக்கும், மலக்கிருமி இருந்தால் ஒரு நாள் இரண்டு நாளில் தண்ணீர் கறுத்துவிடும். மறுநாள் மாலைக்குள் கறுத்தது. எதிர் வீட்டுச் சம்புத் தண்ணீரையும் அதே போல் வைத்தோம், அது கறுக்கவில்லை.

ஆக, ஒரே தெரு, ஒரே வாரம், ஒரே சிவப்பு. ஒன்றுக்குத் தீர்வு தொட்டி தேய்க்கிற பிரஷ், இன்னொன்றுக்குக் கடப்பாரை. புழு யாரையும் நோயாளியாக்கவில்லை. அதன் கூடவே கண்ணுக்குத் தெரியாமல் வந்தது என்ன என்பதுதான் கேள்வி. உங்கள் செய்தியில் 'புழுக்கள்' என்ற ஒரே சொல்லுக்குள் இரண்டும் போய்விட்டன. நகராட்சி அலுவலகத்தில் அந்தச் செய்தியைக் காட்டியே, "வீட்டுத் தொட்டியைக் கழுவாதது உங்க தப்பு, ஒரு பேராசிரியையே சொல்லியிருக்காங்க" என்று பெரியவரைத் திருப்பி அனுப்பினார்கள். செய்தியில் அப்படி இல்லை. தெருவில் நான் சொன்னது அதற்குள் அங்கே போய்ச் சேர்ந்திருக்கிறது. அந்தப் பேராசிரியையும் நான்தான் என்பதுதான் எனக்கு வயிற்றெரிச்சல்.

அந்தப் புழு டியூபிஃபெக்ஸ்தானே என்று மீன் வளர்க்கிற ஒரு பையன் கேட்டான். தெரியாது என்று சொன்னேன், அவனுக்கு ஏமாற்றம். இந்தக் குடும்பத்தில் நெருங்கிய ஜாடையில் பல இனங்கள் இருக்கின்றன. வெறும் கண்ணால் ஒரு பேரைச் சொன்னால் அது ஊகம்தான். புழுவை லாக்டோஃபீனாலில் ஊறவைத்து உடம்பு கண்ணாடி போல் தெளிந்த பிறகு, மைக்ராஸ்கோப்பில் மயிர்களின் நுனியைப் பார்க்க வேண்டும். ஒற்றை ஊசியா, இரட்டைக் கவையா, நடுவில் சீப்புப் பல்லா என்று வளையம் வளையமாக எண்ண வேண்டும். குட்டிப் புழுவாக இருந்தால் பல நேரம் அதிலும் முடிவு கிடைக்காது. வயதுக்கு வந்த புழுவின் ஆண் உறுப்பைச் சுற்றியிருக்கும் உறையின் நீளத்தையும் வடிவத்தையும் வைத்துத்தான் சில இனங்களைப் பிரிக்கவே முடியும். குடும்பத்தோடு படிக்கிற நாளிதழ் என்பதால் இதற்கு மேல் எழுதவில்லை.

எங்கள் துறை அலமாரியில் ஸ்டீபன்சன் என்ற ஆங்கிலேய ராணுவ மருத்துவர் இந்தியப் புழுக்களைப் பற்றி 1923-இல் எழுதிய தடித்த புத்தகம் இருந்தது. லாகூரில் விலங்கியல் பாடம் நடத்தியவர். முதுகு கிழிந்து நூலால் கட்டி வைத்திருப்போம். எனக்கு ஆங்கிலம் அவ்வளவு வராது, படங்களைப் பார்ப்பேன். மயிர் நுனிகளை மட்டும் பக்கம் பக்கமாக வரைந்து வைத்திருப்பார்கள். இதற்காக ஒரு மனுஷன் உட்கார்ந்திருக்கிறானே என்று முதலில் சிரிப்பு வந்தது. அப்புறம் நானே அப்படி உட்கார்ந்தேன்.

லென்ஸ்கூட இல்லாமல் பேர் சொல்லக்கூடிய நீர்ப்புழுவும் ஒன்று உண்டு, அதை எழுதாமல் விட மனசு வரவில்லை. பிராங்கியூரா. கண்மாய் ஓரச் சேற்றைச் சல்லடையில் அலசினால் கிடைக்கும். விரல் நீளத்துக்கு மேலேயே வளரும். வால் பக்கம் மட்டும் மேலும் கீழும் வரிசையாக இழைகள், சீப்பு மாதிரி. அவை செவுள்கள். தண்ணீரில் விட்டால் அந்த வாலை விரித்து ஆட்டுகிற அழகுக்கு மாணவிகள் பயத்தை மறந்து குனிந்து பார்ப்பார்கள். இதை உலகத்துக்கு முதலில் விவரித்தது 1892-இல், லண்டனில். ரீஜன்ட்ஸ் பார்க் தோட்டத்தில் ராட்சத அல்லி வளர்த்த வெந்நீர்த் தொட்டியின் சேற்றில் பெடார்டு என்பவர் கண்டெடுத்தார். வெப்பநாட்டுச் செடியோடு போய்ச் சேர்ந்திருக்கும், அதன் சொந்த ஊர் நம் ஆசியாப் பக்கம்தான் என்பது பொதுவான கருத்து. நம் கண்மாய்ச் சேற்றில் காலங்காலமாகக் கிடந்ததற்கு லண்டனில் பிறப்புச் சான்றிதழ்.

அட்டையைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டாம், அது எல்லோருக்கும் தெரிந்த உறவுக்காரர். முன்னும் பின்னும் ஒட்டிக்கொள்ள உறிஞ்சிகள், சாண் போட்டு அளக்கிற நடை. சித்த மருத்துவத்தில் அட்டை விடல் என்று ஒரு சிகிச்சையே இருக்கிறது. ஒரு தொழில் ரகசியம் மட்டும் சொல்கிறேன். அட்டையை நேராக ஸ்பிரிட்டில் போட்டால் உருண்டு நெல்லிக்காய் ஆகிவிடும், பிறகு அதில் எதையும் பார்க்க முடியாது. முதலில் மயக்க வேண்டும். அதற்கு நான் பயன்படுத்தியது கடைச் சோடா. வாயு கலந்த தண்ணீரில் கொஞ்ச நேரம் கிடந்தால் அட்டை நீட்டி நிமிர்ந்து படுத்துவிடும். துறைக் கணக்கில் சோடா வாங்கியதற்கு ஒரு தடவை ஆடிட்டர் விளக்கம் கேட்டார். "அட்டைக்கு" என்று எழுதிக் கொடுத்தோம். அட்டையைப் பிடித்து மெத்தையில் கிடத்தினால் கிடக்குமா என்று பழமொழி சொல்வார்கள். சோடாவில் கிடத்தினால் கிடக்கும்.

இப்போது நரம்புச் சிலந்தி.

உங்கள் கட்டச் செய்தியில், பக்கத்து ஊரில் ஒரு வீட்டுக் கிணற்று வாளியில் ஒரு அடி நீளத்தில் நூல் போன்ற பழுப்புப் புழு நெளிந்ததாகவும், அது நரம்புச் சிலந்தியாக இருக்கலாம் என்று மக்கள் அஞ்சுவதாகவும் போட்டிருந்தீர்கள். அந்த அச்சம் எனக்கு விளையாட்டு இல்லை. என் தாத்தாவின் இடது கணுக்காலுக்கு மேலே ஒரு குழிந்த தழும்பு இருந்தது. சின்ன வயதில் அதில் விரலை வைத்துப் பார்ப்பேன். இளந்தாரியாக இருந்தபோது அந்த இடத்தில் கொப்புளம் வந்து, நெருப்பு வைத்த மாதிரி எரிந்து, உடைந்து, வெள்ளையாகப் புழுவின் முனை எட்டிப் பார்த்ததாம். அதை ஒரு குச்சியில் சுற்றி, நாளுக்குக் கொஞ்சமாக, அறுந்துவிடாமல், வாரக்கணக்கில் இழுத்து எடுத்தார்களாம். அந்த வருடம் நடவுக்கு அவர் போகவில்லை. அப்பத்தா சாகிற வரைக்கும் ஊரணித் தண்ணீரைச் சேலைத் துணியில் வடிகட்டாமல் குடத்தில் ஊற்றமாட்டாள். காரணம் கேட்டால் தாத்தாவின் காலைக் காட்டுவாள்.

துணி எதைத் தடுத்தது? நரம்புச் சிலந்தியை இல்லை. அதன் குஞ்சைத் தின்ற சைக்ளோப்ஸ் என்ற, ஊசிமுனை அளவு நீர்ப்பூச்சியைத் தடுத்தது. நோய் பரவுகிற விதத்தைப் பார்த்தால் உங்கள் கேள்விக்குறிக்கு அதிலேயே பதில் இருக்கிறது. சைக்ளோப்ஸை நீரோடு விழுங்கினால் புழு மனித உடம்புக்குள் வளர்கிறது. ஒரு வருடம் போல ஆகும். பெண் புழு ஒரு மீட்டர் வரை நீளும், பெரும்பாலும் கால் வழியாக வெளியே வரும். எரிச்சல் தாங்காமல் காலைத் தண்ணீரில் வைத்தால் அங்கே குஞ்சுகளைக் கக்கும். வளர்ந்த நரம்புச் சிலந்தி இருக்கிற இடம் உடம்புக்குள்தான். அது கிணற்றில் நீந்திக்கொண்டு வாளியில் ஏறாது. இந்தியாவில் கடைசி நோயாளி 1996-இல் ராஜஸ்தானில். அதன் பிறகு யாருக்கும் வரவில்லை என்று உறுதிசெய்து 2000-ஆம் ஆண்டு உலக சுகாதார நிறுவனம் சான்று கொடுத்தது. தடுப்பூசியும் இல்லை, கொல்லும் மாத்திரையும் இல்லை. அப்பத்தாவின் துணியும், படிக்கிணறுகளை மூடிக் குழாய் போட்டதும், வீடு வீடாகப் போய்ச் சொன்னதும்தான் அதை ஒழித்தன. அப்படி ஒழித்த ஒன்றை நீங்கள் கேள்விக்குறியோடு திரும்பக் கூட்டி வரலாமா?

வாளியில் இருந்தது எது என்று நான் நேரில் பார்க்கவில்லை. ஆனால் ஒரு அடி நீளம், பழுப்பு, நூல் பருமன், வளையம் இல்லை, தனக்குத் தானே முடிச்சுப் போட்டுக்கொண்டது என்று நீங்கள் எழுதியது எல்லாம் குதிரைமயிர்ப் புழுவுக்குப் பொருந்துகிறது. இது வெட்டுக்கிளி, சில்வண்டு, கும்பிடுபூச்சி போன்றவற்றின் வயிற்றுக்குள் வளர்கிறது. வளர்ந்து முடிந்ததும் அந்தப் பூச்சி தண்ணீரைத் தேடிப் போய் விழுகிறது, இது அதன் பின்பக்கமாக வெளியேறுகிறது. வெளியே வந்த பிறகு தின்பதே இல்லை, ஜோடி சேர்ந்து முட்டை வைத்துவிட்டுச் சாகும். மனிதருக்குள் குடித்தனம் நடத்தாது. நான் இதை முதன்முதலில் பார்த்தது கல்லூரிக் கேன்டீன் தண்ணீர்த் தொட்டியில், செத்த கும்பிடுபூச்சி ஒன்று பக்கத்திலேயே மிதந்துகொண்டிருந்தது. ஒரு பூச்சிக்குள் எப்படி இவ்வளவு நீளம் மடிந்து கிடந்தது என்று துறையே கூடி வியந்தது. அந்தக் கிணற்று வீட்டுக்காரர்கள் வாளியைச் சுற்றிப் பூச்சி ஏதும் கிடந்ததா என்று யோசித்துப் பார்க்கட்டும். வளையம் இல்லாத நூல் புழுக்களில் இன்னொரு சாதி, உருளைப் புழு, தண்ணீரிலும் உண்டு. பெரும்பாலும் கண்ணுக்கே தெரியாது, தெரிந்தாலும் சாட்டை சொடுக்கின மாதிரி துடிக்கும். ஒரு அடிக்கெல்லாம் வராது.

நான் மேலே சொன்ன மீன் பையன் தன் தொட்டிக் கண்ணாடியில் ஊர்கிற வெள்ளைப் புழுவையும் கொண்டுவந்தான். அது தட்டைப்புழு. அம்புமுனைத் தலை, மாறுகண் மாதிரி இரண்டு புள்ளி, நெளியாமல் வழுக்கிக்கொண்டே போகும். வாய் முகத்தில் இல்லை, வயிற்றின் நடுவில். பிளேடால் வெட்டிப் போட்டானாம், இரண்டாகிவிட்டதாம். பாக்கில் இருக்கும் ஒரு சத்து இதைக் கொல்லும், மீன் கடைகளில் அதைப் பொடியாக விற்கிறார்கள். ஆனால் தொட்டியில் இருக்கும் நத்தைகளில் சிலவும் சேர்ந்து சாகும் என்பதால் அளவு தெரியாமல் போடாதே என்று சொல்லி அனுப்பினேன்.

என் கோரிக்கை இரண்டுதான். புழுச் செய்தி வந்தால் அந்த இடத்திலேயே எடுத்த படத்தைப் போடுங்கள். வெள்ளைத் தட்டில் வைத்து, பக்கத்தில் ஒரு தீக்குச்சியோ ஒரு ரூபாய் நாணயமோ இருந்தால் அளவு தெரியும். இரண்டாவது, ஊரில் விலங்கியல் துறை உள்ள கல்லூரி இருந்தால் ஒரு பாட்டிலை அங்கே அனுப்புங்கள். வகுப்பில் விலங்குகளை அறுப்பதை நிறுத்தச் சொன்ன பிறகு மாணவர்கள் திரையில் படம் பார்த்து ரெக்கார்டு எழுதுகிறார்கள். நிறுத்தியது சரிதான், எத்தனை தவளைகளை நானே பிடித்துக் கொடுத்திருக்கிறேன், அது எனக்குத் தெரியும். ஆனால் கண்மாய்க்குப் போவதும் சேர்த்து நின்றுபோயிற்று. ஒரு பாட்டில் புழு வந்தால் அந்தப் பிள்ளைகளுக்கு அன்றைக்கு உண்மையான பாடம் கிடைக்கும், உங்களுக்குச் சரியான செய்தி கிடைக்கும்.

எதிர் வீட்டுப் பாட்டிலையும் பெரியவரின் பாட்டிலையும் கொட்டாமல் கொஞ்சம் வண்டல் போட்டு, வாயில் துணி கட்டி, ஜன்னலில் வைத்திருக்கிறேன். எதிர் வீட்டுப் பாட்டிலில் நேற்றுக் காலை துணியின் உட்பக்கம் இரண்டு பூச்சிகள் முன்னங்கால்களைத் தூக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தன. ஒன்றுக்கு உணர்கொம்பு இறகு மாதிரி இருந்தது, அது ஆண். எதிர் வீட்டுப் பெண்ணைக் கூப்பிட்டுக் காட்டிவிட்டுத் திறந்துவிட்டேன். பெரியவரின் பாட்டிலில் எதுவும் பறக்கவில்லை. வால்கள் ஆடிக்கொண்டிருக்கின்றன. வால்வுக் குழியும் அப்படியேதான் கிடக்கிறது.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆய்வக உதவியாளர் ஒருத்தி

பி.கு. பெயரையும் ஊரையும் போட வேண்டாம். ஃபிட்டர் தம்பி நல்ல பிள்ளை, எனக்காக வந்து குழிக்குள் இறங்கினார், அவருக்கு வம்பு வரக்கூடாது. இதையும் வெளியிட்டால் தயவுசெய்து மண்புழுப் படம் வேண்டாம்.